உலை வாய்

எங்களுக்குக் காது பாதிதான்.
ஒரே கூரைக்கடியில் நானூறு தறிகள்
பல்லைக் கடித்துக்கொண்டு ஓடுகையில்
வாயைவிட்டு இறங்கிய மறுகணமே
செத்துவிடும் சொல்.
ஆகவே உதடு படிக்கக் கற்றோம்.
மூன்று வரிசை தள்ளி கெசியா
"பிள்ளைக்குப் பல் முளைத்துவிட்டது" என்பாள்.
நாடாவை நிறுத்தாமல்
இங்கிருந்து நான் சிரிப்பேன்.

அத்தனையும் ஓடியது
கீழே ஒரு கொப்பரையின் மூச்சில்.
சைலஸ் ஹார்க்கர் அதற்குக் கரி ஊட்டுவான்.
புருவமே கிடையாது அவனுக்கு,
எப்போதோ தீய்ந்துபோயிற்று.
"தண்ணீரைப் போல சாது உண்டா," என்பான்,
"அடைத்துவைக்காத வரைக்கும்."

வசந்தத்தில் புதிதாக எண்பது தறிகள் வந்தன.
கொப்பரை பழையதுதான்.
மதியம் தாண்டினால் தோல்பட்டை தளரும்,
தறி தூங்கி வழியும்,
துணிக்கு இவ்வளவு என்று கூலி வாங்குகிற எங்களுக்கு
வயிறு எரியும்.
"இன்னும் கொஞ்சம் ஆவி, சைலஸ்!"
படிக்கட்டில் நின்று கத்தினோம்.

கொப்பரையின் உச்சியில் சின்னதாய் ஒரு வாய்.
பொறுக்க முடியாததை அது சீறித் துப்பும்.
மேலே ஒரு நெம்புகோல்,
நெம்புகோலின் நுனியில் ஒரு எடை.
வியாழக்கிழமை இரண்டு தொங்கின.
இரண்டாவது,
உடைந்த தறியின் பற்சக்கரம்.

வெள்ளி.
காலை ரொட்டிக்கு இன்னும் பத்து நிமிடம்.

கூரையைக் கிழித்துப் பறந்த கொப்பரை
கால்வாய் தாண்டி
யாருடையதோ முட்டைக்கோஸ் வயலில் போய் விழுந்தது.
ஒன்பது பேரின் ஆவி
அந்த ஆவியோடு போனது.
சைலஸ். அவன் கரி தள்ளும் பையன்.
சுவரோரத்து வரிசை முழுக்க.
கெசியா.

மதுக்கடை மாடியில் விசாரணை.
கீழே பீப்பாய் உருட்டும் ஓசை.
முதலாளி ஷார்ப்பிள்ஸ் தொப்பியை முகத்தருகே பிடித்து
மேற்பார்வையாளன் பக்கம் சாய்ந்தார்.
தொப்பி பாதி உதட்டை மறைத்தது.
பாதி போதும் எங்களுக்கு.

'சக்கரத்தை மாட்டியவன் சைலஸ்.
குடித்திருந்தான்.
அப்படியே சொல்.'

மேற்பார்வையாளன் எழுந்தான், தொண்டையைச் செருமினான்,
அப்படியே சொன்னான்.
பின்பெஞ்சில் பதினேழு பெண்கள்
அதை இரண்டாம் முறை கேட்டோம்.

எழுந்துவிட்டேன்.
மெல்லப் பேச வராது எனக்கு,
தறி வளர்த்த குரல்.
ஜன்னல் கண்ணாடி அதிர்ந்தது,
எழுத்தன் மையைக் கொட்டிவிட்டான்.
"பெயர்?"
"டேபிதா ஆக்டன். நெசவு. ஐந்தாம் வரிசை."
"கேட்டாயா?"
"பார்த்தேன்."
ஜூரியார் பன்னிருவரில் ஒருவன் சிரித்தான்.
கண்ணால் பார்த்த பேச்சு சாட்சியம் ஆகாதாம்.
கரி தள்ளியவனின் கவனக்குறைவு என்று
எழுதி, ஒற்றுத்தாள் வைத்து ஒற்றி,
கீழே இறங்கி பீர் குடித்தார்கள்.

உலை வாயை மூடியவருக்கு
ஊர் வாய் பெரிதில்லை.

புதுக் கொப்பரை வந்தது,
பதினான்கு குதிரைகள் இழுத்து.
அதற்கு இரண்டு வாய்கள்.
ஒன்றுக்கு இரும்புப் பெட்டியும் பூட்டும்.
சாவி யாரிடம் என்று நாங்கள் கேட்கவில்லை.

ஷார்ப்பிள்ஸ் இப்போது மாடிக்கு வருவது குறைவு.
வந்தால், வரிசை வரிசையாக
ஓசையின்றி அசையும் எங்கள் உதடுகள்.
அவருக்கு வியர்க்கிறது.
பெரும்பாலும் ஹேனாவின் மூட்டுவலி,
உருளைக்கிழங்கு விலை,
இப்படி ஏதாவதுதான்.
நாங்கள் அவருக்கு அதைச் சொல்வதில்லை.

கெசியாவின் தறியில் ஒரு புதுப் பெண்.
அவளுக்கு உதடு இன்னும் பிடிபடவில்லை;
நான் ஏதாவது சொன்னால்
காதைக் காட்டுகிறாள்.

இரவில் விளக்கை அணைக்குமுன்
ஜன்னல் கண்ணாடியில் ஒரு முகம்.
அன்று அதிகாரி கேட்காததை,
நானாகவும் சொல்லாததை,
அதன் உதடு சொல்கிறது.

'இன்னும் கொஞ்சம்,' என்கிறது,
'இன்னும் கொஞ்சம், சைலஸ்.'